தொகைக்கலை நோக்கில் ஏ. கே. செட்டியாரின் காந்திப் படம்

நூல்களை முதனூல் என்றும் வழிநூல் என்றும் இருவகைப்படுத்திய தொல்காப்பியனார், வழிநூல் பிறக்கும் நெறிகளை எண்ணுமிடத்துத் தொகுத்தலையே முதற்கண் வைத்தார். விரித்தலும், தொகுத்து விரித்தலும், மொழிபெயர்த்தலும் அதனை அடுத்தே எண்ணப்படுகின்றன. பிறர் ஆக்கிவைத்த பொருளைத் தேர்ந்து, ஓர் ஒழுங்கில் நிறுத்தி, அவ்வொழுங்கினாலேயே புதியதொரு பொருள் தோன்றச் செய்பவனும் நூல் செய்வோர் வரிசையில் வைத்து எண்ணத்தக்கவன் என்பது இதனாற் பெறப்படும். இக்கொள்கையைத் தமிழர் ஏட்டுச் சுவடியளவில் நன்கு போற்றினர். திரைப்படம் என்னும் புதுக்கலை வந்துற்ற பின்னரோ பெரும்பாலும் மறந்தனர். நடித்தவர் பெயரை நாடறியும். பாடியவர் பெயரை வீடறியும். இயக்கியவர் பெயரையும் ஓரளவு அறிவோம். படத்தைத் தொகுத்தவர் பெயர் திரையில் ஓடும்போது நம்மவரிற் பலர் இருக்கை தேடிக்கொண்டிருப்பர். கதைப்படத்துக்கே இந்நிலையெனின் விவரணப் படத்தைத் தொகுத்தவர் நிலையைச் சொல்ல வேண்டியதில்லை.

தொகுப்போன் செய்யுந் தொழில் யாதென அறிய அகநானூற்றைப் பார்த்தல் போதும். அதன் நானூறு பாட்டும் பல புலவர் பல காலத்துப் பாடியவை. அவற்றைத் தொகுத்தவர் உப்பூரிகுடிகிழார் மகனார் உருத்திரசன்மர் என்பது மரபு. அவர் தம் பாட்டு ஒன்றையும் வலிந்து புகுத்தினாரல்லர். ஒற்றைப்பட்ட எண்களிலெல்லாம் பாலையை நிறுத்தினார். இரண்டும் எட்டும் குறிஞ்சி, நான்கு முல்லை, ஆறு மருதம், பத்து நெய்தல். இவ்வாறு வகுத்தமையால் நானூற்றில் இருநூறு பாட்டுப் பாலையாயிற்று. நூலைப் புரட்டுவோன் ஒவ்வொரு புணர்ச்சிக்கும் ஊடலுக்கும் இருப்புக்கும் இடையே ஒரு பிரிவைக் கடந்தே செல்லல் வேண்டும். பிரிவே அகவாழ்வின் ஊடுபாவு என்னும் கருத்து எந்தத் தனிப்பாட்டிலும் இல்லை. அடுக்கிய முறையில் இருக்கிறது. அஃது உருத்திரசன்மர் பாடிய பாட்டு என்று கூறின் மிகையாகாது.

படச்சுருளைத் தொகுப்போனும் இதனையே செய்கின்றான். முப்பத்தைந்து மில்லிமீற்றர் அகலமுள்ள சுருளில் ஓர் அடிக்குப் பதினாறு நிழலுருவங்கள் உள. பேசும்படக் காலத்து வேகத்தில் ஒரு நிமிடத்துக்குத் தொண்ணூறு அடி ஓடும். எந்த உருவத்தில் வெட்டுவது, எதனை அதனோடு ஒட்டுவது என்பனவே அவன் முன்னுள்ள வினாக்கள். ஒரே முகத்தை உணவுக்கிண்ணத்தின் பக்கத்தில் ஒட்டினால் பசியாகவும், சவப்பெட்டியின் பக்கத்தில் ஒட்டினால் துயராகவும் அவையோர் காண்பர் என்று உருசிய நாட்டுக் குலெஷோவ் காட்டினார் எனக் கூறுவர். அந்நாட்டினரான எஸ்பீர் ஷூப் என்னும் அம்மையார் இதனை இன்னும் ஒருபடி மேலே கொண்டுசென்றார். பிறநாட்டுப் படங்களை வெட்டித் திருத்தும் பணியில் தொழில் பழகிய அவர், சார் மன்னன் காலத்துச் செய்திப் படங்களையும் அரண்மனையார் தம் மகிழ்ச்சிக்கெனப் பிடிப்பித்த படங்களையும் நிலவறைகளில் தேடியெடுத்தார். ஏறத்தாழ அறுபதினாயிரம் மீற்றர் சுருளைப் பார்வையிட்டு, அதனின்று 1927 இல் உரோமனொவ் குலத்தின் வீழ்ச்சியைக் காட்டும் படத்தைத் தொகுத்தார். தன் பெருமையைக் காட்டவெனச் சார் மன்னன் எடுப்பித்த படமே அவனுக்கெதிர்ச் சாட்சியாயிற்று. கமராவைத் தொடாமலே ஒருவர் படம் ஆக்கலாம் என்பது அன்று நிலைநாட்டப்பட்டது.

தமிழருள் இத்துறையில் முதல்வர் எனத்தக்கவர் ஏ. கே. செட்டியார். ‘உலகம் சுற்றும் தமிழன்’ என்ற பயண நூலின் ஆசிரியராகவும் ‘குமரி மலர்’ இதழின் ஆசிரியராகவுமே அவரை நம்மனோர் அறிவர். அவர் ஆற்றிய பணிகளுள் மிகப் பெரியதாகிய காந்தியடிகள் படம் பற்றித் திறனாய்வு நோக்கில் எழுதப்பட்டவை மிகச் சில. படத்தைத் தேடிய வரலாறு வியந்து பேசப்படுகின்றது; படத்தை ஆக்கிய கலை பேசப்படவில்லை. ‘திரட்டியவர்’ என்ற சொல்லால் அவரைப் புகழ்வோர் அச்சொல்லாலேயே அவரைச் சிறுமைப்படுத்துகின்றனர் என்பது எம் கருத்து. திரட்டுதல் வேறு, தொகுத்தல் வேறு.

செட்டியார் 1911 இல் செட்டிநாட்டுக் கோட்டையூரிற் பிறந்தவர். இளமையில் இரங்கூனிலிருந்து வெளிவந்த ‘தனவணிகன்’ இதழை நடத்தினார். பின்னர்த் தோக்கியோவிலும் நியூயோர்க்கிலும் ஒளிப்படக் கலை பயின்றார். இவ்வொழுங்கு கவனிக்கத்தக்கது. முதலில் இதழாசிரியர், அதன் பின்னரே படக் கலைஞர். பிறர் எழுத்தை வாங்கி, குறைத்து, பக்கத்தில் இடம் பார்த்து வைக்கும் பயிற்சி அவர் கைக்கு முந்தி வந்தது. 1937 ஆம் ஆண்டு ஒக்ரோபர் 2 ஆந் திகதி, காந்தியடிகளின் பிறந்தநாளன்று, நியூயோர்க்கிலிருந்து டப்ளின் நோக்கிச் சென்ற சமாரியா என்னும் கப்பலில் இப்படத்துக்கான எண்ணம் அவருக்கு உதித்தது. அப்போது அவர்க்கு வயது இருபத்தைந்து. கையிற் பெரும் பொருளில்லை, பின்னே பெருநிறுவனமில்லை. இவ்வகை எண்ணங்கள் கப்பலிற் பலர்க்கு உதிக்கும், கரையிறங்கியதும் மறக்கும். செட்டியார் மறக்கவில்லை.

அதன்பின் ஏறக்குறைய மூன்றாண்டுகள் அவர் அலைந்த அலைச்சலை அவரே பின்னாளில் எழுதியுள்ளார். ‘அண்ணல் அடிச்சுவட்டில்’ என்ற பெயரில் ஆ. இரா. வேங்கடாசலபதி அவர்கள் அதனை 2003 இல் பதிப்பித்து வெளியிட்டார். தென்னாபிரிக்கா, இங்கிலாந்து, ஐரோப்பிய நாடுகள், அமெரிக்கா எனச் சுற்றிய வழி ஒரு இலட்சம் மைல் என்பர். காந்தியடிகளை முப்பதாண்டுக் காலத்தில் பிடித்த ஒளிப்பதிவாளர் ஏறத்தாழ நூற்றுவர். கிடைத்த சுருள் 50,000 அடி. அதனின்று படமாகத் தேர்ந்தது 12,000 அடி. முன் சொன்ன கணக்கின்படி பார்த்தால், ஒன்பது மணி நேரத்துக்கு மேற்பட்ட பொருளிலிருந்து இரண்டேகால் மணி நேரத்துக்குச் சற்றுக் குறைந்த படம் பிறந்தது. நான்கில் மூன்று பங்கு தள்ளப்பட்டது. காந்தியடிகள்மீது பேரன்பு பூண்ட ஒருவருக்கு, அரும்பாடுபட்டுத் தேடிய அவர் திருவுருவத்தில் நான்கில் மூன்று பங்கை ஒதுக்குதல் எத்துணை அரிய செயல் என்பதை எண்ணிப் பார்த்தல் வேண்டும். களவெட்டியிற் பொலி தூற்றுவோனுக்குப் பதர் எது மணி எது எனக் காற்றே பிரித்துக் கொடுக்கும். இங்கோ எல்லாம் மணி.

ஏடு தேடிய உ. வே. சாமிநாதையரோடு செட்டியாரை ஒப்பிடுவார் உளர். ஒப்புமை பொருத்தமே. 1887 இல் சிந்தாமணி, 1892 இல் சிலப்பதிகாரம், 1894 இல் புறநானூறு என ஐயர் பதிப்பித்த நூல்கள் ஊரூராய்த் தேடிய ஏடுகளிலிருந்து வந்தவை. நம் நாட்டுச் சிறுப்பிட்டி சி. வை. தாமோதரம்பிள்ளை அவர்கள் கலித்தொகையை 1887 இல் அச்சேற்றியதும் அத்தகைய உழைப்பே. ஐயர் தம் வரலாற்றை ஆனந்த விகடனில் எழுதத் தொடங்கிய 1940 ஆம் ஆண்டிலேயே செட்டியாரின் படமும் வெளிவந்தது என்பது இனியதொரு தற்செயல். ஆயினும் வேறுபாடு ஒன்றுண்டு. பதிப்பாசிரியன் சிதைந்ததை முன்பிருந்தவாறு மீட்க முயல்கின்றான். இளங்கோவின் நூலே அவன் இலக்கு. செட்டியார்க்கு மீட்க வேண்டிய மூலம் ஒன்று இருக்கவில்லை. நூறு கைகள் நூறு நோக்கத்தோடு பிடித்தவை அவர் முன் கிடந்தன. ஆகலின் அவர் உருத்திரசன்மர் மரபினர். உரைவேறுபாடு ஆராயும் பதிப்பாசிரியர் மரபினர் அல்லர்.

அந்நூறு கைகளின் நோக்கம் யாது என்பதே இப்படத்தின் உயிர்நிலையான வினா. அக்காலத்துச் செய்திப் படங்களுட் பல ஐரோப்பிய, அமெரிக்கக் கம்பனிகளால் எடுக்கப்பட்டவை. 1931 இல் வட்டமேசை மாநாட்டுக்கு அடிகள் இலண்டன் சென்றபோது கமராக்கள் அவரைச் சூழ்ந்தன. ஆனால் அவற்றுட் பலவற்றுக்கு அவர் ஒரு வேடிக்கைப் பொருள். குளிர்நாட்டில் முழந்தாள் தெரிய நடக்கும் மெலிந்த மனிதர், கையில் ஆட்டுப்பால் என்றவாறு அவை கண்டன. ஒரு வாரம் நகரத்துக் கொட்டகைகளில் சிரிப்பூட்டி மறையவே அச்சுருள்கள் பிறந்தன. செட்டியார் அவற்றை விலைகொடுத்தும் வேண்டியும் பெற்று வரிசைப்படுத்தினார். தென்னாபிரிக்க வாழ்வுக்கும் உப்புச் சத்தியாக்கிரகத்துக்கும் பின்னே நிற்கும்போது, இலண்டன் தெருவில் நடக்கும் அதே முழந்தாள் வேறு பொருள் தரும். ஒரு நிழலுருவமும் மாற்றப்படவில்லை. இடம் மட்டும் மாறிற்று. ஷூப் அம்மையார் மன்னன் பெருமையை அவன்மேற் குற்றமாகத் திருப்பினார். செட்டியார் பேரரசின் ஏளனத்தை வணக்கமாகத் திருப்பினார். இரண்டும் ஒரு கலையின் இரு முகங்கள்.

இங்ஙனமாயின் தொகுப்பு என்பது பொய்யுரைக்கும் கலையோ என்று ஐயுறுவார் வினவலாம். தக்க வினாவே. எந்தச் சுருளையும் எந்தப் பொருளுக்கும் திருப்பலாம் எனின் விவரணப் படத்துக்கும் விளம்பரத்துக்கும் வேறுபாடு யாது? எமக்குப் புலப்படும் விடை இது. 1930 இல் நடந்ததை 1921 என்று காட்டுதலும், ஓர் ஊர்க் கூட்டத்தை வேறோர் ஊர்க் கூட்டம் என்று ஒட்டுதலும் பொய். நிகழ்ந்ததை நிகழ்ந்த காலத்தோடும் இடத்தோடும் வைத்து, அதனை முதலிற் படம்பிடித்தவன் காணத் தவறிய பொருளைக் காணச் செய்தல் பொய்யன்று, அது திறனாய்வு. ஒரு தொகுப்பாளனை நம்பலாமா என்பதை அவன் திகதிகளில் காட்டும் கண்டிப்பைக் கொண்டு அளவிடலாம். செட்டியாரின் பயண எழுத்தைப் படித்தோர் அக்கண்டிப்பை நன்கறிவர். சிறு வாக்கியம், தெளிந்த விவரம், மிகையின்மை என்பன அவர் நடை. தம்மைப் பற்றிய பேச்சு அதில் மிகக் குறைவு.

தொழில்நுணுக்கச் சிக்கல் ஒன்றையும் ஈண்டுக் குறித்தல் நன்று. ஊமைப்படக் காலத்துச் சுருள்கள் வினாடிக்குப் பதினாறோ பதினெட்டோ உருவம் என்ற அளவிற் பிடிக்கப்பட்டவை. பேசும்படக் கருவியில் வினாடிக்கு இருபத்துநான்கு ஓடும். பழைய சுருளை அப்படியே ஓட்டினால் மக்கள் துள்ளித் துள்ளி ஓடுவர். காந்தியடிகளோ இயல்பாகவே விரைந்து நடப்பவர். உடன் நடப்போர் ஓட வேண்டியிருக்கும். பழஞ்சுருளில் அவ்விரைவு நகைப்புக்கிடமாகும். ஆதலால் பழங்காலப் பொருளையும் புதுக்காலப் பொருளையும் ஒரு படத்தில் இணைப்பவன் அடிதோறும் வேக வேறுபாட்டோடு போராடுகின்றான். அச்சூதாட்டத்திற் சில இடங்களிற் சுருளை இழப்பான், சில இடங்களிற் பொருளை இழப்பான்.

படம் 1940 ஆம் ஆண்டு ஓகஸ்ட் 23 ஆந் திகதி தமிழ் விளக்கவுரையோடு சென்னையில் திரையிடப்பெற்றது, தெலுங்கிலும் வந்தது. ஒளிப்பதிவாளர் பி. வி. பதி புதிய காட்சிகளைப் பிடிப்பதில் துணைநின்றார். டி. கே. பட்டம்மாளின் குரலும் அதில் ஒலித்தது. காலத்தை நோக்குக. போர் மூண்டு ஓராண்டு நிறையும் தறுவாய். காங்கிரசு அமைச்சரவைகள் 1939 இறுதியிற் பதவி துறந்தமையாற் சென்னை மாகாணம் ஆளுநர் நேர் ஆட்சியில் இருந்தது. தனிநபர் சத்தியாக்கிரகம் தொடங்க இரு மாதங்களே இருந்தன. தணிக்கையைக் கடந்து இப்படம் வெளிவந்தமையே வியப்பு.

1940 ஆம் ஆண்டுப் படத்தின் தனித்தன்மை அதன் முடிவில் இருக்கின்றது எனலாம். வரலாற்று நாயகன் உயிரோடிருக்கும்போது தொகுத்த வரலாறு அது. அது முடிய முடியாது, நிற்கத்தான் முடியும். விடுதலை வருமா, வாராதா என்று தொகுத்தவரும் அறியார், அவையோரும் அறியார். 1948 சனவரி 30 க்குப் பின் தொகுத்த எந்தப் படத்திலும் அந்நிலை இல்லை. வித்தல்பாய் ஜவேரி 1968 இல் ஆக்கிய காந்திப் படம் ஐந்து மணி நேரத்துக்கு மேல் ஓடுவது. பொருள் வளத்திற் செட்டியார் படம் அதற்கு ஈடாகாது. ஆயினும் அதில் ஒவ்வொரு காட்சியும் இறுதித் துப்பாக்கி வெடியை நோக்கி நடக்கின்றது. அடிகள் சிரிக்கும்போதும் நாம் சாவை அறிந்தே சிரிப்பைக் காண்கின்றோம். செட்டியாரின் அவையோர்க்கு அச்சிரிப்பு வெறுஞ் சிரிப்பாகவே இருந்திருக்கும்.

இருந்திருக்கும் என்றே எழுத வேண்டியிருக்கின்றது. அத்தமிழ்ப் படிவம் இன்று நம் கண்ணுக்கு எட்டுவதாயில்லை. 1953 இல் அமெரிக்காவில் இப்படத்தை அடிப்படையாகக் கொண்டு, குவென்ரின் றெனால்ட்ஸ் விளக்கவுரையுடன் ஆங்கிலப் படிவம் ஒன்று ஆக்கப்பட்டது. அதன் சுருக்கப்பட்ட படி ஒன்றை 2006 இல் சான் பிரான்சிஸ்கோவிலுள்ள பல்கலைக்கழகமொன்றில் வேங்கடாசலபதி கண்டெடுத்தார். அது பெரும்பேறு, அதனை நன்றியோடு ஏற்கின்றோம். ஆயினும் திறனாய்வாளன் ஒன்றை மறத்தலாகாது. நம் கையில் இருப்பது செட்டியார் தொகுத்ததை இன்னொருவர் அமெரிக்க அவையோர்க்காக மீண்டும் தொகுத்தது. உருத்திரசன்மரின் வரிசையைக் கலைத்து, சில பாட்டை நீக்கி, வேற்றுமொழி உரையோடு ஒருவர் வெளியிட்டால் அதனை அகநானூறு என்போமா? பாட்டுக்கள் இருக்கும், பாலையின் ஆட்சி இராது. எழுதிய நூல் சிதையின் ஏடெங்கும் ஓட்டை விழும். அதனால் இழப்பு வெளிப்படும். தொகுத்த படம் சிதையின் ஓட்டை தெரியாது. பிறன் கை வைத்த இடத்தும் படம் முழுமையாகவே ஓடும். தொகுப்பாளனின் ஆக்கம் எளிதிற் களவு போவதும், களவு போனமை ஒருவர்க்கும் தெரியாதிருப்பதும் இதனால்தான்.

படத்தின் குறையையும் சொல்லிவிடல் நேர்மை. செய்திப் படக் கமரா நிகழ்ச்சி உள்ள இடத்துக்கே செல்லும். துறைமுகம், புகைவண்டி நிலையம், மேடை, ஊர்வலம் என்பனவே அதன் உலகம். ஆச்சிரமத்து அடுக்களையில் கஸ்தூரிபாய் பட்ட பாடும், 1932 இல் எரவாடாச் சிறையில் அம்பேத்கரோடு நடந்த வழக்கின் கடுமையும் அதற்குப் புலப்படா. பொதுமேடைக் காந்தியையே நூறு கமராவும் கண்டன. தொகுத்தவர் எத்துணை வல்லுநராயினும் பிடிக்கப்படாததைத் தொகுத்தல் இயலாது. அன்றியும் செட்டியார் அடியாராக நின்று தொகுத்தாரேயன்றி எதிர்வினா எழுப்பி நின்றாரல்லர். ஷூப் அம்மையாரின் படத்தில் உள்ள உரசல் இங்கில்லை. பத்திமைக்கும் திறனாய்வுக்கும் இடையே ஒன்றைத் தேர வேண்டிய இடத்து அவர் முன்னதைத் தேர்ந்தார். 1940 இல், அடிமை நாட்டில், அத்தேர்வைக் குறைகூறுதல் எளிதன்று. ஆயினும் அது தேர்வே என்பதை மறைத்தலும் தகாது.

இதன்பின் அவர் வேறு பெரும்படம் எதனையும் நாடவில்லை. 1943 இல் ‘குமரி மலர்’ தோன்றிற்று. 1983 இல் அவர் மறையுமட்டும் அது அவர் கையிலிருந்தது. இதனைத் திரைத்துறையிலிருந்து விலகியதாகக் கருதுவோர் உளர். விலகலன்று. பழம் இதழ்களிலும் மறந்த நூல்களிலும் கிடந்த எழுத்துக்களை எடுத்து, ஒன்றன்பின் ஒன்றாக அடுக்கி, பழைய தமிழகத்தைப் புதிய வாசகன் காணச் செய்த இதழ் அது. 1968 இல் அவர் வெளியிட்ட பழைய பயணக் கட்டுரைத் தொகுதியும் அவ்வகையதே. சுருளுக்குப் பதில் தாள், கத்தரிக்கோல் ஒன்றே. இதழிலும் படத்திலும் தம் முகத்தைக் காட்டாதிருத்தலை அவர் ஒரு நோன்பாகவே கொண்டிருந்தார்.

நம் நாட்டு நிலையையும் சிறிது நோக்குதல் வேண்டும். இலங்கையைப் பற்றிய விவரணப் படங்களுள் உலகப் புகழ் வாய்ந்தது பசில் றைற் 1934 இல் ஆக்கிய ‘சோங் ஒவ் சிலோன்’. தேயிலைப் பிரசாரச் சபைக்காக எடுக்கப்பட்ட அப்படத்தைத் தொகுத்தவரும் அவரே. அதன் விளக்கவுரை பெரும்பாலும் றொபேட் நொக்ஸ் 1681 இல் வெளியிட்ட நூலிலிருந்து எடுக்கப்பட்டது. வாசித்தவர் லயனல் வென்ட். அந்த நொக்ஸ் 1660 இல் கண்டி அரசனின் ஆட்களிடம் அகப்பட்ட இடம் நம் கொட்டியாரக் குடாக்கரை. கிளிவெட்டியார் மூதூருக்குப் போகும் வழியில் அவன் பெயர் சொல்லும் மரத்தைப் பற்றிக் கேட்டிருப்பர். இக்கரையிற் சிறைப்பட்டவன் எழுதிய சொற்கள் 250 ஆண்டுகளின் பின்னர் இலண்டனில் ஒரு தொகுப்பு மேசையில் மலைநாட்டுக் காட்சிகளோடு ஒட்டப்பட்டன. படத்தின் மூன்றாம் பகுதியில் உழைப்பாளர் காட்சியின்மேற் சந்தை விலைகளும் கப்பற் செய்திகளும் ஒலிக்கின்றன. பணம் கொடுத்த வணிகரையே வினவும் தொகுப்பு அது. அதனை உணராமல் வெறும் இயற்கைக் காட்சிப் படமாக அதனைப் பாராட்டுவோர் இன்றும் உளர்.

அரசாங்கத் திரைப்படப் பிரிவு 1948 இல் அமைந்தது. அங்கே படத்தொகுப்புப் பயின்றவர் டைட்டஸ் தொட்டவத்த. லெஸ்ரர் ஜேம்ஸ் பீரிசும் ஒளிப்பதிவாளர் வில்லியம் பிளேக்கும் அவரும் அப்பிரிவை விட்டு வெளியேறி 1956 இல் ‘ரேகாவ’ படத்தை ஆக்கினர், தொகுப்பு டைட்டசுடையது. நாடகக் கொட்டகை வாடை வீசிய சிங்களப் படவுலகில் உண்மை ஊரும் உண்மை வெயிலும் புகுந்தமைக்கு விவரணப் படப் பயிற்சியே காரணம் என்பது வெளிப்படை. காட்சியை நீளவிட்டுப் பார்க்கும் பொறுமை கதைப்படக் கலைஞர்க்கு எளிதில் வாய்ப்பதன்று. அவர் பின்னர் 1965 இல் ‘சண்டியா’, 1979 இல் சிறுவர்க்கான ‘ஹந்தயா’ முதலிய படங்களை இயக்கினார். 1982 இல் ரூபவாகினி தோன்றியபின் அயல்நாட்டுத் தொடர்களுக்குச் சிங்களக் குரல் கொடுப்பிக்கும் பணியில் அமர்ந்தார். அதனை ஓய்வுக்காலப் பணி என்று கருதுவது தவறு. பிறர் படத்தின் உதட்டசைவுக்குள் தம் மொழியை அடக்கி, அது அம்மொழியிலேயே பிறந்ததுபோற் செய்தல் தொகுப்பாளன் கைக்கே கூடும். தொல்காப்பியனார் எண்ணிய நான்கனுள் இறுதியதாகிய மொழிபெயர்த்தலை அவர் திரையிற் செய்தார். 2011 இல் அவர் மறைந்தபோது சிங்களச் சிறுவர் உலகம் அவரைத் தன்னவர் என்று நினைவுகூர்ந்தது. தமிழ்ச் சிறுவர்க்கு அத்தகைய ஒருவர் வாய்க்கவில்லை என்பதை இங்கே வருத்தத்தோடு குறிக்கின்றோம்.

செட்டியாரைப் பற்றி இவ்வளவு விரித்தது பழம்பெருமை பேசற்கன்று. 2006 ஆம் ஆண்டுப் போரிற் சம்பூர், மூதூர் கிழக்கு மக்கள் இடம்பெயர்ந்து, பின்னர்க் கிளிவெட்டியில் தகரக் கொட்டில்களில் ஆண்டுக்கணக்காக வாழ்ந்தனர். அக்காலத்தில் வந்துபோன வெளிநாட்டுச் செய்தியாளரும் தொண்டு நிறுவனத்தாரும் கமராவோடு வந்தனர். அவர்கள் பிடித்தவற்றில் சில நொடிகள் செய்தியாயின; எஞ்சியவை எங்கோ அலமாரிகளிலும் கணினிகளிலும் இருக்கும். அவற்றைப் பிடித்தவர்க்கு அம்மக்கள் ‘இடம்பெயர்ந்தோர்’ என்ற ஒரு சொல்லே. காந்தியடிகள் சில கமராக்களுக்கு வேடிக்கைப் பொருளானதுபோல. வயோதிபர் ஒருவர் தண்ணீர்க் குழாயடியிற் குடத்தோடு நிற்கும் காட்சி அவற்றுள் இருக்கலாம். பிடித்தவன் அவர் பெயரைக் கேட்டிரான். அவர் இன்னார், இன்ன வயலுக்குப் போடியாராயிருந்தவர் என்று சொல்லக்கூடியோர் இன்னும் சம்பூரிலும் கிளிவெட்டி முத்துமாரியம்மன் கோயில் வீதியிலும் இருக்கின்றனர். அவர்களுள்ளும் பலர்க்கு எழுபது கடந்துவிட்டது. அச்சுருள்களைக் கேட்டு வாங்கி, அவர்கள் முன்னே ஓட்டி, ஒவ்வொரு முகத்துக்கும் பெயரும் ஊரும் திகதியும் எழுதி வைத்தல் இக்கல்லூரி மாணவர்க்கு இயலாத செயலன்று. கப்பற் பயணம் வேண்டியதில்லை. ஒரு கடிதமும், சில மாலைப்பொழுதுகளும் போதும்.